வழுதி ஏறாத பஸ்

— தப்பா நெனைக்காதீங்க ஐயா. என் நாவல்ல பஸ்ஸே கெடையாது.

— முதலில் அமருங்கள் ராயப்பராஜ். நின்றுகொண்டே பேசினால் இலக்கியம் காலுக்கு இறங்கிவிடும். என்ன கிடையாது என்றீர்கள்?

— பஸ்ஸுங்க. குதிரை இருக்கு, யானை இருக்கு, வைகையில போறதுக்குப் பரிசல் இருக்கு. பாண்டியன் காலத்துக் கதைங்க ஐயா. அதுல பஸ்ஸுக்கு நான் எங்க போவேன்?

— அதாவது, அதை ஓர் உருவகமாகக் கொள்ளலாம்.

— உருவகத்துக்கு டிக்கெட்டு எதுக்குங்க? நாவல் பரிசுக்கு நடுவருங்கிற மொறையில நீங்க எழுதுன பாராட்டுரைய வாரப் பத்திரிகையில அப்படியே போட்டிருக்கான். மொதலயும் கடைசியயும் வாசிக்கிறேன், கேளுங்க. 'ஐம்பத்தெட்டாம் ஆண்டில் தமிழில் வெளிவந்த நாவல்களுள் தலைசிறந்தது, அகரம் ராயப்பராஜ் இயற்றிய வாள்மகன் வழுதி. அதன் இறுதியில் மாரியக்கா, வீட்டுச் சாவியை அஞ்சறைப் பெட்டிக்குள் வைத்துவிட்டு ஓர் ஆட்டுக்குட்டியோடு பஸ் ஏறுகிறாள். கண்டக்டர் ஆட்டுக்கும் டிக்கெட் கேட்கிறார். அவ்விடத்தில் என் கண்கள் குளமாயின. இங்ஙனம், புலவர் உடையப்பன், திண்டுக்கல்.'

— பிழையில்லாமல் அச்சிட்டிருக்கிறார்கள். இப்போதெல்லாம் அது அரிது.

— ஐயா, என் கதையில மாரியக்கா யாரு?

— கதாநாயகி.

— என் கதாநாயகி இளவரசி கயற்கண்ணி. பல்லக்குல போவா.

— பல்லக்கா? பல்லக்கு வந்ததாக நினைவில்லையே.

— நூத்தியெம்பது பக்கம் பல்லக்குலதாங்க போறா.

— பஸ் என்ற சொல்லில் எனக்கே உடன்பாடு இல்லை. நானாக இருந்தால் உந்துவண்டி என்று எழுதியிருப்பேன். நூலாசிரியர் பஸ் என்று எழுதியிருக்கிறார், அவர் சொல்லை மதிக்க வேண்டும் என்றுதான் விட்டேன்.

— நூலாசிரியர் நான்தாங்க. நான் எழுதல. ஊருக்குள்ள தலை காட்ட முடியல. பேகம்பூர் நைனா முகமது பாய் கடையில என் புத்தகம் ஒரே நாள்ல தீந்துபோச்சு. மறுநாள் காலையில அம்புட்டும் திரும்பி வந்திருச்சு. 'பஸ்ஸு வர்ற பக்கத்தக் காணோம், பைண்டிங்ல விட்டுட்டான்'னு ஆளாளுக்குச் சண்டை. பாய் என்னக் கூப்புட்டு, 'என்ன தம்பி, அல்லா மேல ஆணையாச் சொல்லு, பஸ்ஸ எங்க வச்சிருக்கே?'ங்கிறாரு. நான் என்ன பஸ் முதலாளியா?

— பொதுமக்கள் நாவலைத் தேடிப் படிக்கிறார்கள் என்பது நல்ல அறிகுறி.

— எங்க பங்குச் சாமியார் ஞாயித்துக்கெழம பூசையிலயே சொல்லிட்டாரு, 'நம்ம ராயப்பராஜ் எழுதுன மாரியக்கா கதைய எல்லாரும் படிங்க'ன்னு. என் வீட்டுக்காரி சகாயராணி, 'யாருங்க அந்த மாரியக்கா? எனக்குத் தெரியாம யாரு அது?'ன்னு மூணு நாளா மூஞ்சியத் தூக்கி வச்சிருக்கா. அதெல்லாங்கூடப் போகட்டும். பரிசு குடுக்குற சென்னைப் புனைகதைப் பேரவையில இருந்து தகவல் வந்திருக்கு. வர்ற ஞாயித்துக்கெழம மேடையில, ஆயிரம் பேருக்கு முன்னாடி, நான் பஸ் அத்தியாயத்த வாசிக்கணுமாம்.

— சரி, வாசியுங்கள்.

— இல்லாதத எப்படிங்கய்யா வாசிக்க? என்னான்னு தெரிஞ்சுட்டுப் போலாம்னுதான் கூட்ஸ் ஷெட்டுல லீவு போட்டுட்டு வந்திருக்கேன். நீங்க என் புத்தகத்தப் படிச்சீங்களா? அது ஒண்ணச் சொல்லுங்க.

— என்ன கேள்வி இது. முப்பத்து மூன்று ஆண்டு தமிழ் கற்பித்தவனைப் பார்த்துக் கேட்கும் கேள்வியா? அந்தப் பத்திரிகையை இப்படிக் கொடுங்கள். நானே விளக்குகிறேன். அதாவது, இந்த இரண்டாவது வரியில்...

— ஐயா.

— குறுக்கிடாதீர்கள். இந்த இரண்டாவது வரியில்...

— ஐயா, பத்திரிகையத் தலைகீழாப் பிடிச்சிருக்கீங்க. கண்ணு தெரியலயாங்கய்யா?

— மெதுவாகப் பேசுங்கள். சுவருக்கு அந்தப் பக்கம் தலைமையாசிரியர் பெருமாள்சாமி வீடு. கண்புரை. இரண்டு ஆண்டாக எழுத்தெல்லாம் சிறுமலைப் பனிபோல ஆகிவிட்டது. ஆள் தெரியும், அடுப்புத் தெரியும். எழுத்துத்தான் தெரியாது.

— பேரவைக்குச் சொல்லலியா?

— சொன்னால் நடுவர் பதவி போய்விடுமே. இந்த ஊரில் எனக்கு அடுத்தபடியாகத் தமிழ் தெரிந்தவன் என்று பெருமாள்சாமி சொல்லிக்கொண்டு திரிகிறார். அடுத்த நாளே அவருக்குப் போய்விடும்.

— மத்த நடுவர் ரெண்டு பேரு இருக்காகளே, அவுக படிச்சிருப்பாகள்ல?

— 'புலவர் உடையப்பனாரின் தீர்ப்பே எம் தீர்ப்பு' என்று இருவருமே எழுதிக் கொடுத்துவிட்டார்களாம்.

— அப்ப அவுகளும் படிக்கல.

— படித்திருந்தால் பஸ் எங்கே என்று கேட்டிருப்பார்களே.

— ஆக, அந்த வருஷத்துலயே சிறந்த நாவல்னு பேரு வாங்குன புத்தகத்த இந்த ஒலகத்துல ஒரு நடுவரும் படிக்கல.

— படிக்கவில்லை என்று சொல்லாதீர்கள். கேட்டேன். என் மனைவி வாசித்தாள், நான் கேட்டேன். பத்துப் பதினைந்து நாவல், ஒவ்வொரு நாளும் மாலையில். ஒரு வரி விடாமல் கேட்டேன்.

— அம்மா வாசிச்சாகளா?

— சுந்தரம்மாள்! இங்கே வா.

— வாரேன், வாரேன். தம்பிக்குக் காப்பி போட்டுட்டு இருந்தேன். இந்தாங்க தம்பி. செத்த ஆறட்டும், சூடு அம்புட்டு இருக்கு.

— 'வாரேன்' இல்லை, 'வருகிறேன்'. 'செத்த' இல்லை, 'சற்று'. 'அம்புட்டு' இல்லை, 'அவ்வளவு'.

— சற்று ஆறட்டும் தம்பி. சூடு அவ்வளவு இருக்கு.

— சுந்தரம்மாள், இவர்தான் வாள்மகன் வழுதியை எழுதியவர். தம் நாவலில் பஸ்ஸே இல்லை என்கிறார்.

— ஆமா, இல்ல.

— என்ன சொல்கிறாய்? நீதானே வாசித்தாய்?

— தம்பி, கோவிச்சுக்காதீக. உங்க இளவரசி பல்லக்குல ஏறுன வரைக்கும் வாசிச்சேன். அப்புறமும் வாசிச்சேன். எறங்குவா எறங்குவான்னு பாத்தேன், எறங்க மாட்டேன்னுட்டா. எனக்குக் கழுத்து வலிக்குது. அவளத் தூக்கிட்டுப் போறவுகளுக்கு என்னமா வலிச்சிருக்கும்? சரின்னு பல்லக்குல இருந்து எறக்கி பஸ்ல ஏத்திட்டேன்.

— சுந்தரம்மாள், இது இலக்கியக் குற்றம்.

— மத்த புத்தகத்தையெல்லாம் ஒழுங்காத்தாங்க வாசிச்சேன். கேளுங்க தம்பி, அந்த வருஷம் நாவல் எழுதுன மகராசன்க ஒருத்தருக்காவது ஒரு பொம்பளைய உசுரோட விட மனசு வரல. பாதிப் பேரக் கெணத்துல தள்ளுனாக. மீதிப் பேருக்குக் காசநோய். ஒருத்திய ரயில்ல விட்டாக. நம்ம ஊருல குடிக்கவே தண்ணி இல்ல, கொடத்தத் தூக்கிட்டு அலையிறோம். இவுகளுக்கு மட்டும் கெணத்துல முங்குற அளவுக்குத் தண்ணி எங்கருந்து கெடைக்குதோ. கடைசியா இருந்தது உங்க புத்தகம்.

— என் கயற்கண்ணியும் கடைசியில தீயிலதான் எறங்குறா.

— அதைப் புரட்டிப் பாத்துட்டுத்தான் தம்பி, மாத்துனேன்.

— ஐயா, நான் ஒண்ணு சொல்லிர்றேன். வெளிய சொன்னா வெக்கக்கேடு. அந்தப் பாராட்டுரையில பஸ் ஏறுற எடத்தப் படிச்சப்ப எனக்கே கண்ணு கலங்கிப்போச்சு. என் வழுதி போர்க்களத்துல செத்தப்ப எனக்கு ஒரு சொட்டுத் தண்ணி வரல. அச்சாபீஸ்ல அதப் படிச்ச மெய்ப்புக்காரரு கொட்டாவி விட்டாரு.

— இப்போது அதைப் பற்றிப் பேச நேரமில்லை. ஞாயிற்றுக்கிழமைக்கு வழி சொல்லுங்கள். உண்மை வெளியே வந்தால் எனக்கும் மானம் போகும், உங்களுக்கும் போகும்.

— உங்களுக்குப் படிக்காத மானம். எனக்கு எழுதாத மானம்.

— ராயப்பராஜ், வழி இருக்கிறது. சுந்தரம்மாள் அந்தக் கதையை இப்போது மறுபடி சொல்லட்டும். நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள். இரண்டாம் பதிப்பில் சேர்த்துவிடலாம். முதல் பதிப்பில் அச்சகத்தார் விட்டுவிட்டார்கள் என்று நான் ஓர் அறிக்கை கொடுக்கிறேன்.

— பாண்டியன் கதையிலயா? பஸ்ஸயா?

— வழுதி கனவு காண்கிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

— ஐயா, கனவுல கண்டக்டரு வந்தா சனங்க அடிப்பாங்க.

— அப்படியானால் வழுதியை நீக்கிவிடுங்கள். பெயர் மட்டும் இருக்கட்டும்.

— அம்மா, நீங்க என்ன சொல்றீக? உங்க கதைய என் பேருல எழுதிக்கிட்டுப் போறதுன்னா, நாக்கப் புடுங்கிக்கிறாப்ல இருக்கு.

— எழுதிக்கங்க தம்பி. உங்க பேருலயே வரட்டும். என் பேருல வந்தா திருத்துவாக.

— யாரு?

— சும்மா சொன்னேன். ஒக்காருங்க, சொல்றேன்.

— நிதானமாச் சொல்லுங்கம்மா. எனக்குக் கை வேகமா ஓடாது.

— மாரியக்கான்னு ஒரு பொம்பள. அவளக் கட்டுனவரு மொளகா மண்டிக்காரரு. ஊருக்குள்ள பெரிய மனுசன். தராசுன்னா உசுரு. மண்டியில நிறுத்தது பத்தாதுன்னு வீட்டுக்கும் ஒரு தராசு கொண்டாந்து வச்சிருந்தாரு. மாரியக்கா வாயத் தெறந்து ஒரு பேச்சுப் பேசுனா, அத எடுத்துத் தராசுல போடுவாரு. எடை கொறஞ்சா அவகிட்டயே திருப்பிக் குடுத்துருவாரு. 'இது அரைவீசை கொறையுது, வேற கொண்டா'ம்பாரு.

— மிக உயர்ந்த படைப்பு. நான் பாராட்டுரையில் எழுதியிருக்கிறேன், ராயப்பராஜ், அந்த இடத்தை வாசியுங்கள்.

— 'இத்தகைய கல்நெஞ்சக் கணவனைத் தமிழ் நாவல் இதுவரை கண்டதில்லை. தராசில் சொல்லை நிறுப்பவன் மனிதனே அல்லன்.'

— ஆம். அதன்பின் வட்டார வழக்கைப் பற்றிச் சொல்லியிருப்பேன்.

— சொல்லிருக்கீங்க. '"வாரேன்" என்கிறாள் மாரியக்கா. "வெஞ்சனம் ஆக்கி வச்சிருக்கேன்" என்கிறாள். மண்மணம் கமழும் இச்சொற்களில் ஒன்றைத் தொட்டாலும் இலக்கியம் பழுதாகும்.'

— நன்றாக இல்லையா?

— நல்லாத்தாங்க இருக்கு. செத்த முன்னாடி அம்மா காப்பி கொண்டாந்தப்ப...

— தம்பி, நீங்க எழுதுங்க. கேட்டீங்களா, மாரியக்காளுக்கு ஒரு தங்கச்சி. பழனிக்குப் பக்கத்துல ஆயக்குடியில வாக்கப்பட்டவ. ஒரு ஐப்பசியில அவளுக்கு மேலுக்கு முடியல, பாத்துட்டுப் போகச் சொல்றான்னு ஆள் வந்து சொல்லிட்டுப் போச்சு. மாரியக்கா மண்டிக்காரருகிட்டப் போயி, 'தங்கச்சிக்கு ரொம்ப முடியலயாம், ஒரு எட்டுப் போயிட்டு வாரேன்'னா.

— ம்.

— அவரு தலையத் தூக்கிப் பாத்தாரு. 'வாரேன்'ங்கிறது எடை கொறையுதுன்னாரு. அவ திரும்ப, 'வருகிறேன்'னா. அவரு சரின்னுட்டுக் குனிஞ்சுக்கிட்டாரு. அம்புட்டுத்தான். போன்னும் சொல்லல, போகாதன்னும் சொல்லல. சொல்லத் திருத்தியாச்சு, அவருக்கு வேலை முடிஞ்சுபோச்சு. மாரியக்காவும் 'போ'ன்னு ஒரு சொல்லு வருமுன்னு கதவோரத்துல நின்னா. வரல. நாலு நாள் கழிச்சுத் தந்தி வந்துச்சு.

— சுந்தரம்மாள்.

— சொல்லுங்க.

— நீ இதை வாசித்தபோது ஐப்பசி என்று சொல்லவில்லை.

— மார்கழின்னு வாசிச்சேன். இப்ப தம்பி அச்சுல ஏத்தப் போறாருல்ல, சரியா இருக்கட்டும்.

— உன் தங்கை சின்னக்கண்ணு இறந்தது ஐப்பசியில்.

— ஆமா.

— அவளுக்கு உடல்நலம் இல்லை என்பதே தந்தி வந்த பிறகுதானே எனக்குத் தெரியும்?

— அதுக்கு முன்னாடி நான் சொன்னேன். நீங்க பரீட்சைத் தாள் திருத்திக்கிட்டு இருந்தீங்க.

— ஐயா, நான் வேணா வெளிய போயி நிக்கட்டுமா?

— இருங்கள் ராயப்பராஜ். அதாவது, இந்தக் கதையில் ஆடு வருகிறது. நம் வீட்டில் ஆடு கிடையாது. ஆகவே இந்த மண்டிக்காரன் வேறு யாரோ ஒருவன்.

— ஆடு சும்மா போட்டேங்க. கதைக்கு வேணும்ல.

— தராசும் நம் வீட்டில் இல்லை.

— இல்லீங்க. தராசு இல்ல.

— என்னிடமே சொல்லியிருக்கலாமே. இப்படி ஒரு நாவலுக்குள் ஒளித்து வைத்து...

— எப்படிங்க சொல்றது? ஆரம்பிச்சா மொத வார்த்தையிலயே நிறுத்திருவீங்க. அத மாத்திச் சொல்லி, அடுத்தத மாத்திச் சொல்லி, அதுக்குள்ள சொல்ல வந்தது என்னான்னு எனக்கே மறந்துரும். இது புத்தகம்னு நெனச்சீங்க, அதனால திருத்தல. கல்யாணமாகி இத்தன வருஷத்துல நான் ஒரு பேச்ச மொதல்ல இருந்து கடைசி வரைக்கும் பேசி நீங்க கேட்டது அந்த ஒரு தடவதான். கண்ணுல தண்ணி விட்டுக் கேட்டீங்க.

— தண்ணீர் விட்டது உண்மை.

— 'மேல வாசி, மேல வாசி'ன்னு சொன்னீங்க. எனக்கே வெக்கமாப் போச்சு. வெளக்குல எண்ணெய் தீர்ற வரைக்கும் சும்மா தாளப் புரட்டிக்கிட்டு இருந்தேன்.

— ராயப்பராஜ், அந்தப் பத்திரிகை இந்த ஊரில் எத்தனை பேர் வாங்குவார்கள்?

— எல்லாரும் வாங்கிட்டாங்கய்யா.

— பெருமாள்சாமியும் வாங்கியிருப்பாரா?

— அவருதான் எனக்கு எரவல் குடுத்தாரு. 'உடையப்பனாரு மனுசனே அல்லன்னு யாரையோ வெளுத்து வாங்கிருக்காரு, படிச்சுப் பாரு'ன்னாரு.

— என் பெயரைக் கீழே போட்டு, நானே சொல்லச் சொல்ல, இவளே எழுதி... அந்தப் பாராட்டுரையையும் நீதானே எழுதினாய் சுந்தரம்மாள்? அப்போதாவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். இவ்வளவு கடுமை வேண்டாம் என்றாவது.

— கேட்டேன்ல. 'அவ பஸ் ஏறிப் போனது நியாயந்தானா, அப்படி எழுதட்டுமா?'ன்னு ஒரு தடவைக்கு ரெண்டு தடவ கேட்டேன். 'நூற்றுக்கு நூறு நியாயம், எழுது'ன்னீங்க. எழுதுனேன்.

— சொன்னேன். தமிழ் அறிந்தவன் என்ற செருக்கில் சொன்னேன். ராயப்பராஜ், இந்தப் பரிசை நீங்கள் திருப்பிக் கொடுக்க வேண்டாம். நான் நடுவர் பதவியை விட்டுவிடுகிறேன். கண் தெரியவில்லை என்று எழுதிக் கொடுத்துவிடுகிறேன். பெருமாள்சாமி எடுத்துக்கொள்ளட்டும்.

— அவசரப்படாதீங்கய்யா.

— கண் மட்டுமா தெரியவில்லை? காதும் கேட்கவில்லை. சுந்தரம்மாள், இனிமேல் உன் பேச்சில் ஒரு சொல்லைக்கூட நான் திருத்த மாட்டேன்.

— சரிங்க.

— எப்படி வேண்டுமானாலும் பேசு.

— அம்புட்டு நேரம் எங்கிட்டு இருக்கு.

— 'எங்கிட்டு' என்பது... ஒன்றுமில்லை. நன்றாக இருக்கிறது.

— தம்பி, காப்பி ஆறிப்போச்சு பாருங்க. எழுதிட்டீங்களா?

— எழுதிட்டேன்மா. தந்தி வந்தது, தங்கச்சி புள்ளைங்க அங்க தனியா நிக்கிறது, சாவிய வச்சது, ஆட்டுக்குட்டி, கண்டக்டரு எல்லாம் பாராட்டுரையில இருக்கிறாப்லயே எழுதிட்டேன். கடைசி வரி மட்டும் நிக்குது. பஸ் ஏறுனாள்னு போடவா, ஏறுறாள்னு போடவா? மேடையில வாசிக்கிறது, அதுல தப்பு வந்துறக் கூடாது.

— அதை நான் சொல்கிறேன். முடிந்துபோன கதை, இறந்தகாலம்தான் பொருந்தும். அவள் ஏறினாள், ஆயக்குடிக்குப் போனாள். கோபம் தணிந்து பிறகு திரும்பியும் வந்திருப்பாள். அப்படித்தானே சுந்தரம்மாள்?

— எதிர்காலத்துல போடுங்க தம்பி. பழனி பஸ்ஸு நாளைக்குக் காலையிலதான்.